ஒரே பாட்டு, நான்கு குரல்: இசைக் கேள்வி-பதில்

சென்ற இதழில் 1954-ல் வெளிவந்த ‘எர்த் ஏஞ்சல்’ பாட்டைப் பற்றியும், அதைப் பாடிய அமெரிக்கக் குழுவான பென்குயின்ஸ் பற்றியும் சில வரிகள் எழுதியிருந்தோம். அதைப் படித்துவிட்டு வேலூர், குடியாத்தம், ஆரணி, ராணிப்பேட்டை என்று பழைய வட ஆற்காடு மாவட்டம் முழுவதிலிருந்தும் கேள்விகள் வந்திருக்கின்றன. பாடிப் பார்க்க ஆசைப்படுகிறவர்களின் கடிதங்கள்தான் பாதிக்கு மேல். அவற்றுக்கே அதிக இடம் கொடுத்திருக்கிறோம்.

பென்குயின்ஸ் யார்? ஏன் ஒரே பாட்டோடு அவர்கள் பேச்சு அடங்கிப்போனது?
– எஸ்.ஆர்., ஆம்பூர்

லாஸ் ஏஞ்சல்ஸ் நகரத்துக் கறுப்பின இளைஞர்கள் நால்வர். முன்னணிக் குரல் கிளீவ்லேண்ட் டங்கன், அடிக்குரல் கர்டிஸ் வில்லியம்ஸ், உயர்குரல் டெக்ஸ்டர் டிஸ்பி, நடுக்குரல் புரூஸ் டேட். எல்லோருக்கும் இருபது வயதை ஒட்டிய பருவம். அந்தக் காலத்தில் இப்படிப்பட்ட குழுக்கள் பறவைப் பெயர் வைத்துக்கொள்வது வழக்கம்: ஓரியோல்ஸ், ரேவன்ஸ், ஃபிளமிங்கோஸ், குரோஸ். இவர்களுக்குப் பெயர் கிடைத்தது ‘கூல்’ சிகரெட் விளம்பரத்தில் வந்த பென்குயின் பொம்மையிலிருந்து.

வில்லியம்ஸ் இதற்கு முன் ஹாலிவுட் ஃபிளேம்ஸ் என்ற குழுவில் இருந்தவர். ‘எர்த் ஏஞ்சல்’ மெட்டு அங்கேயே பாதி உருவாகிவிட்டது. நீண்ட வழக்குக்குப் பிறகு இன்று பாட்டின் ஆசிரியர்களாக கர்டிஸ் வில்லியம்ஸ், ஜெஸ்ஸி பெல்வின், கெய்னல் ஹாட்ஜ் ஆகிய மூவர் பெயரும் போடப்படுகின்றன. டூட்ஸி வில்லியம்ஸ் நடத்திய டூட்டோன் என்ற சிறு கம்பெனி இதை இசைத்தட்டாக வெளியிட்டது. முதல் பக்கத்தில் இருந்தது ‘ஹே செனோரிட்டா’ என்ற துள்ளல் பாட்டு. மறுபக்கத்தை நிரப்பத்தான் ‘எர்த் ஏஞ்சல்’. வானொலிக்காரர்கள் தட்டைத் திருப்பிப் போட்டார்கள். ஜனங்களுக்குப் பிடித்தது மறுபக்கம். 1955 தொடக்கத்தில் ரிதம் அண்ட் புளூஸ் என்ற கறுப்பின இசைப் பட்டியலில் முதலிடம், பொதுப் பட்டியலில் 8-ம் இடம்.

அதன் பிறகு ஏன் ஒன்றும் எடுபடவில்லை? எங்கள் கணிப்பில் திறமைக் குறைவு காரணமில்லை. மேலாளர் பக் ராம் அவர்களை மெர்க்குரி என்ற பெரிய கம்பெனிக்கு அழைத்துப்போனார். போகும்போதே, அப்போது யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளாத தன் இன்னொரு குழுவையும் சேர்த்துக்கொண்டால்தான் ஆயிற்று என்று பேரம் பேசினார். அந்த இன்னொரு குழு பிளாட்டர்ஸ். அதே 1955-ல் ‘ஒன்லி யூ’ பாடி அவர்கள் உலகப் புகழ் அடைந்தார்கள். கம்பெனியின் கவனம் முழுக்க அந்தப் பக்கம் சாய்ந்தது. பென்குயின்ஸுக்கு ஒரு வெற்றிகூட அங்கே அமையவில்லை. 1960-களின் தொடக்கத்தில் குழு கலைந்தது. டங்கன் மட்டும் அந்தப் பெயரைக் காப்பாற்றி வந்தார். 1963-ல் ஃபிராங்க் ஸப்பாவும் ரே காலின்ஸும் எழுதிய ‘மெமரீஸ் ஆஃப் எல் மான்டே’ அவர் குரலில் வந்தது. கேட்டுப் பாருங்கள், குரலில் ஒரு துளி குறையவில்லை. டங்கன் 2012-ல் காலமானார்.

நாங்கள் கல்லூரி மாணவர்கள் நால்வர். இசைக்கருவி எதுவும் வாசிக்கத் தெரியாது. ஒருவன் மட்டும் ஏழு வருடம் கர்நாடக சங்கீதம் படித்தவன். எங்களால் இதைப் பாட முடியுமா? எங்கிருந்து தொடங்குவது?
– மாணவர் குழு, காட்பாடி

முடியும். சங்கீதம் படித்தவர் ஒருவர் இருப்பது பெரிய பலம். ஆனால் அவரை முன்னணிக் குரலாக்கிவிடாதீர்கள்; நடுக்குரலில் போடுங்கள். ஏன் என்பதைப் பிறகு சொல்கிறோம்.

இந்தப் பாட்டின் எலும்புக்கூடு நான்கே கோர்டுகள், அதாவது ஒரே நேரத்தில் சேர்ந்து ஒலிக்கும் ஸ்வர அடுக்குகள். எஃப் சுருதியில் எடுத்துக்கொண்டால் எஃப், டி மைனர், பி ஃபிளாட், சி. இந்த நான்கும் திரும்பத் திரும்பச் சுழலும். அந்தக் காலத்து மெதுவான காதல் பாட்டுகளில் ஏராளமானவை இதே சுழற்சிதான். ஸ்வரமாகச் சொன்னால் எல்லாமே சங்கராபரணத்துக்குள் அடங்கும். எஃப் என்பது நம் 4 கட்டை.

அடிக்குரல்: ஸ – த – ம – ப. இதில் த, ம, ப மூன்றும் மந்திர ஸ்தாயி, அதாவது கீழே இறங்க வேண்டும்.
உயர்குரல்: ப – த – த – ப. எல்லாம் மத்திய ஸ்தாயி. இவ்வளவுதான், இரண்டே ஸ்வரம்.
நடுக்குரல்: க – ஸ – ஸ – நி. கடைசி நி மட்டும் ஸட்ஜத்துக்கு அடுத்த கீழ்ப்படி, காகலி நிஷாதம்.

மூன்றையும் அடுக்கிப் பாருங்கள். முதல் கோர்டில் ஸ, க, ப. இரண்டாவதில் கீழ் த, ஸ, மேல் த. மூன்றாவதில் கீழ் ம, ஸ, த. நான்காவதில் கீழ் ப, கீழ் நி, மேல் ப. இவற்றின் மேல் முன்னணிக் குரல் மெட்டைப் பாடும்போது விட்டுப்போன ஸ்வரங்களும் பெரும்பாலும் வந்து சேர்ந்துவிடும். இது நாங்கள் கற்கிறவர்களுக்காக எளிமைப்படுத்திய அடுக்கு. மூலத் தட்டில் இன்னும் நுணுக்கம் உண்டு.

தாளத்துக்கு ஆதி தாளம் போடுங்கள், திஸ்ர நடையில். ஒவ்வொரு எண்ணிக்கைக்கும் ஒரு ‘தகிட’. முதல் கோர்டு லகு முழுக்க, அதாவது நான்கு எண்ணிக்கை. இரண்டாவது கோர்டு இரண்டு திருதமும் சேர்ந்த நான்கு எண்ணிக்கை. அடுத்த ஆவர்த்தனத்தில் மூன்றாவதும் நான்காவதும். ஆக இரண்டு ஆவர்த்தனத்தில் ஒரு சுற்று. முதலில் மெட்ரோனோமை (தாள வேகத்தைத் தட்டிக் காட்டும் கருவி அல்லது ஆப்) நிமிடத்துக்கு 60-ல் வையுங்கள். தடங்கலின்றிப் பத்துச் சுற்று வந்த பிறகு 76 வரை ஏற்றலாம். பாட்டோடு சேரும்போது கோர்டுக்கு எத்தனை எண்ணிக்கை என்பதை மூலத்தைக் கேட்டுச் சரிசெய்துகொள்ளுங்கள். அதற்குள் காது தயாராகியிருக்கும்.

சேர்க்கும் வரிசை முக்கியம். முதல் நாள் அடிக்குரல் மட்டும். அது நின்ற பிறகு உயர்குரல். மூன்றாவதாக நடுக்குரல். மூவரும் சேர்ந்து ‘ஊ’ என்று ஐந்து நிமிடம் கலையாமல் சுற்றி வந்தால்தான் முன்னணிக் குரல் வாய் திறக்கலாம். பெரும்பாலான குழுக்கள் முதல் நாளே எல்லோருமாகப் பாட்டை எடுத்துவிடுகிறார்கள். விளைவு, நால்வரும் மெட்டையே பாடுவார்கள்.

இனி, எங்கே பிசகும் என்று சொல்கிறோம்.

முதலாவது கமகம், ஸ்வரத்தை அசைத்துப் பாடுவது. கர்நாடக சங்கீதம் படித்த குரல் க-வையும் நி-யையும் தானாகவே அசைக்கும். இங்கே அசைக்கவே கூடாது. மூன்று குரல்கள் ஒன்றன்மேல் ஒன்று நிற்கும்போது ஒன்று அசைந்தால் கோர்டு முழுவதும் ‘வவ்வவ்’ என்று அதிரும். ஒவ்வொரு ஸ்வரத்தையும் கோடு போட்டதுபோல நேராக நிறுத்துங்கள்.

இரண்டாவது அந்த நிஷாதம். நடுக்குரலுக்கு ஸ-விலிருந்து நி-க்கு இறங்குவது அரைப்படிதான். பழகாதவர் முழுப்படி இறங்கிவிடுவார், கோர்டு சோகமாகிவிடும். பழகிய காது இந்த இடத்தில்தான் தேவை. சங்கீதம் தெரிந்தவரை நடுக்குரலில் போடச் சொன்னது இதற்காகத்தான்.

மூன்றாவது காந்தாரம். தம்புராவோடு பாடிப் பழகியவர் நிறுத்தும் அந்தர காந்தாரம், கீபோர்டில் உள்ளதைவிட ஒரு மயிரிழை கீழே இருக்கும்; 14 சென்ட் வித்தியாசம் (ஓர் அரைப்படி என்பது 100 சென்ட்). தனிக் குரல்களாகப் பாடினால் தம்புரா காந்தாரமே அழகு. கூடக் கீபோர்டு வாசித்தால் கீபோர்டுக்கு இணங்கிப் போங்கள், இரண்டும் மோதினால் காதில் உறுத்தும்.

நான்காவது, சுருதி இறக்கம். நாலைந்து சுற்றுக்குள் குழு முழுவதும் அரைக்கட்டை கீழே போய்விடும், ஒருவருக்கும் தெரியாது. மூச்சு தீர்ந்த நிலையில் அடிக்குரல் ம-வைப் பிடிப்பதால் அது சற்றுத் தாழ்ந்து விழும், மற்றவர்கள் பின்தொடர்வார்கள். அடிக்குரல் இரண்டாவது கோர்டின் கடைசி எண்ணிக்கையில் மூச்சு எடுத்துக்கொள்ளட்டும். மற்ற இருவரும் அங்கே எடுக்காமல் வேறு இடத்தில் எடுக்க வேண்டும். சுற்று முடிந்ததும் போனில் டியூனர் ஆப் வைத்து ஸட்ஜத்தைச் சரிபாருங்கள்.

4 கட்டை எட்டாவிட்டால் 2 கட்டை வரை இறக்கலாம். 1 கட்டைக்குப் போனால் அடிக்குரலின் ம பெரும்பாலான இளைஞர்களுக்கு வெறும் காற்றாகத்தான் வரும்.

முன்னணிக் குரலுக்கு ஒரே அறிவுரை: கத்தாதீர்கள். டங்கன் அந்தப் பாட்டில் எங்கேயும் பலத்தைக் காட்டவில்லை. தாளத்தின் தட்டு விழுந்த பிறகு, ஒரு நூல் தாமதமாக வார்த்தையை வைக்கிறார். அந்தத் தாமதத்தில்தான் ஏக்கம் இருக்கிறது.

எங்கள் சர்ச் பாடகர் குழுவில் சோப்ரானோ, ஆல்டோ, டெனார், பாஸ் நான்கும் உண்டு. பெண் குரல்களை வைத்துப் பாடலாமா?
– குழுத் தலைவி, ராணிப்பேட்டை

தாராளமாக. உயர்குரலின் ப – த – த – ப வரியை ஆல்டோவிடம், அதே உயரத்தில் கொடுங்கள். நடுக்குரலை டெனார் எடுக்கட்டும். மெட்டை ஒரே ஒரு சோப்ரானோ, ஒரு ஸ்தாயி மேலே. ஒரு வரியை ஐந்தாறு பேர் சேர்ந்து பாடும் சர்ச் வழக்கத்தை இங்கே விட்டுவிடுங்கள். ஒரு வரிக்கு ஒரு குரல் என்றால்தான் இந்தப் பாணி துலங்கும்.

கல்லூரி விழாவில் இப்படிப் பாடினோம். ஒத்திகையில் அருமையாக இருந்தது, மேடையில் எல்லாம் கூழாகிவிட்டது. மைக்செட்காரர் மேல் தப்பா, எங்கள் மேல் தப்பா?
– பி.கே., சத்துவாச்சாரி

மைக் வைத்த விதத்தில்தான் சிக்கல் இருந்திருக்கும். நால்வருக்கும் தலைக்கொரு மைக் கொடுத்தால், நான்கு மைக்கிலும் நான்கு குரலும் சிறிது தாமத வித்தியாசத்தோடு நுழையும். அதுதான் கூழ்.

இரண்டே மைக் கேளுங்கள். ஒன்று முன்னணிக் குரலுக்கு, வாயிலிருந்து 10 செ.மீ. மற்றொன்று மூவருக்கும் பொது. அரைவட்டமாக நின்று 30 செ.மீ. தள்ளிப் பாடுங்கள். இரண்டு மைக்குக்கும் நடுவே குறைந்தது 90 செ.மீ. இருக்கட்டும். குரலுக்கும் மைக்குக்கும் உள்ள தூரத்தைப் போல மூன்று மடங்கு என்பது கணக்கு. அடிக்குரல் மட்டும் ஒரு சாண் முன்னால் வரலாம். சாதாரண மேடை மைக்கில் கிட்டே வந்தால் அடித்தொனி தானாகவே கனக்கும். அது அவருக்கு வரம், மற்ற இருவருக்கும் இடைஞ்சல்.

மூவரில் யார் சத்தம் அதிகம் என்று மிக்ஸரில் சரிசெய்ய முடியாது. அதைக் காலால் சரிசெய்யுங்கள்: அதிகம் கேட்கிறவர் அரை அடி பின்னால். ஒத்திகையில் நிற்கும் இடத்தைச் சாக்பீஸால் குறித்துவிடுங்கள்.

மைக்செட்காரரிடம் முன்கூட்டியே சொல்ல வேண்டியது ஒன்று உண்டு: எக்கோவைச் சுத்தமாக நிறுத்துங்கள் என்று. நம் ஊரில் பாட்டு என்றாலே எக்கோ கூட்டுவது பழக்கமாகிவிட்டது. ஒரு கோர்டின் வால் அடுத்த கோர்டின் மேல் விழுந்தால் நடுக்குரலின் ஸ-வும் நி-யும் ஒன்றாகக் கேட்கும், காது கூசும். பாடுகிறவர்களுக்குக் கேட்பதற்காக வைக்கும் மானிட்டர் ஸ்பீக்கர் மைக்கின் முதுகுப் பக்கம் இருக்க வேண்டும், இல்லையென்றால் ஊளையிடும். மைக்கின் தலையைக் கைக்குள் பொத்திப் பிடிப்பதும் அதே ஊளையைத்தான் வரவழைக்கும்.

இந்தப் பாட்டு ஒரு வீட்டு கேரேஜில் பதிவானது என்று எழுதியிருந்தீர்கள். நாங்களும் வீட்டில் பதிவு செய்ய முயல்கிறோம். பக்கத்து வீட்டில் விசைத்தறி ஓடுகிறது. அவர்கள் எப்படிச் சமாளித்தார்கள்?
– வி.எம்., குடியாத்தம்

அவர்களுக்கு இருந்தது பக்கத்து வீட்டு நாய். பாஸ் வாசிப்பவர் டெட் பிரின்சனின் கேரேஜ்தான் ஸ்டுடியோ. நாய் குரைக்கும்போதெல்லாம் பதிவை நிறுத்தி, வெளியே போய் அதை அடக்கிவிட்டு, மறுபடி முதலிலிருந்து பாடியிருக்கிறார்கள். ஒரே டிராக் டேப் என்பதால் பிற்பாடு தனியாக வெட்டி ஒட்ட வழியில்லை. டிரம்ஸ் சத்தம் குரல்களை அமுக்கியதால் அதைத் தலையணை போட்டு அடக்கினார்கள். டூட்ஸி வில்லியம்ஸ் இதை வெறும் மாதிரிப் பதிவாகத்தான் நினைத்திருந்தார், இன்னும் வாத்தியங்கள் சேர்க்கும் எண்ணம் இருந்தது. ‘டால்பின்ஸ் ஆஃப் ஹாலிவுட்’ என்ற தட்டுக் கடைக்கு அந்த மாதிரியை எடுத்துப்போனபோது, அங்கே ஒலிபரப்பிக்கொண்டிருந்த டிஸ்க் ஜாக்கி டிக் ஹக் அதை அப்படியே ஒலிக்கவிட்டார். கேட்டவர்கள் உடனே விசாரிக்கத் தொடங்கிவிட்டார்கள். வாத்தியம் சேர்க்கும் யோசனை அத்தோடு கைவிடப்பட்டது. அவசரமில்லாத, நெருக்கமான அந்த ஒலி நமக்கு மிஞ்சியது இப்படித்தான். ஒரு மெருகு அதிகம் போட்டிருந்தால் பாட்டு கெட்டிருக்கும் என்பது எங்கள் உறுதியான கருத்து.

உங்கள் நிலைமை நாயைவிடக் கடினம். தறி இடைவிடாது அடிக்கும். அந்த அதிர்வு காற்றில் மட்டும் வருவதில்லை, சுவர் வழியாகவும் தரை வழியாகவும் வருகிறது. கதவு ஜன்னல் சாத்தினால் பாதிதான் குறையும். முதல் வழி, தறி நிற்கும் நேரத்தைத் தேர்வது. மின்தடை அறிவித்த நாள் உங்களுக்குப் பொன்னான நாள்; தறியும் ஓடாது, மின்விசிறியும் ஓடாது. போன் பேட்டரியில் பதிவு செய்யலாம்.

அந்த வசதி இல்லையென்றால் தறிக்கூடச் சுவருக்கு எதிர்ப்பக்க அறையைப் பிடியுங்கள். போனை மேசையில் வைக்காதீர்கள், மேசை அதிரும். நான்காக மடித்த துண்டின் மேல், அதையும் ஒரு தலையணை மேல் வையுங்கள். பாடுகிறவர்களின் முதுகுக்குப் பின்னால் மெத்தையைச் சுவரோடு நிறுத்துங்கள். பலர் மெத்தையை மைக்குக்குப் பின்னால் மட்டும் வைக்கிறார்கள். மைக் பார்ப்பது பாடுகிறவரையும் அவர் பின்னால் உள்ள சுவரையும்தான், எதிரொலி அங்கிருந்தே வருகிறது. குடியாத்தத்தில் லுங்கிக்குப் பஞ்சமில்லை என்றாலும் ஒற்றைத் துணி உதவாது. உயர்ந்த ஒலியை மட்டும் சாப்பிட்டுவிட்டு அடித்தொனியை விட்டுவிடும், குரல் டப்பாவுக்குள் இருப்பதுபோல் ஆகும். கனமான பஞ்சு மெத்தை, ரஜாய்தான் சரி. தகரக் கூரையும் ஆஸ்பெஸ்டாஸ் கூரையும் உள்ள அறைகளைத் தவிருங்கள்.

போனை ஏர்பிளேன் மோடில் போட்டு, வேவ் ஃபைலாக, 48 கிலோஹெர்ட்ஸில் பதியுங்கள். இரைச்சல் நீக்கும் வசதி இருந்தால் அணைத்துவிடுங்கள். அது ‘ஊ’ என்ற நீண்ட ஒலியையும் இரைச்சல் என்று நினைத்து அறுத்துவிடும். மூவர் 1 மீட்டர் தொலைவில், முன்னணிக் குரல் அதில் பாதித் தொலைவில். மீட்டரில் உச்சம் மைனஸ் 6 டெசிபலைத் தாண்டக் கூடாது. தாண்டிச் சிதறிய ஒலியைப் பிறகு எந்த மென்பொருளும் முழுசாக மீட்டுத் தராது. சத்தம் குறைவாகப் பதிந்தால் பயமில்லை, கூட்டிக்கொள்ளலாம்.

வேலூர் லாங் பஜார் பக்கம் பழைய சாமான்களோடு ஒரு சிறிய 45 சுற்றுத் தட்டு கிடைத்தது. நடுவில் பெரிய ஓட்டை, தட்டு முழுக்க அழுக்கு. டூட்டோன் என்று போட்டிருக்கிறது. எப்படிச் சுத்தம் செய்து போடுவது?
– டி.ஏ., வேலூர்

முதலில் எண்ணைப் பாருங்கள். ‘எர்த் ஏஞ்சல்’ என்றால் டூட்டோன் 348. இது பலமுறை மறுபதிப்பானது, ஆகவே எண் இருக்கிறது என்பதை வைத்து மட்டும் விலை பேசிவிடாதீர்கள்.

ஓட்டை 38 மி.மீ. இருக்கும், அமெரிக்க 45 தட்டுகளின் அளவு அது. இங்கே அச்சான சினிமா இ.பி. தட்டுகளுக்குச் சிறு ஓட்டைதான், அதனால் நம் வீட்டு பிளேயர்களில் நேராக உட்காராது. நடுவில் பொருத்தும் பிளாஸ்டிக் அடாப்டர் ஆன்லைனில் கிடைக்கும். அட்டையில் வெட்டிச் செய்வதாக இருந்தால் மையம் மிகச் சரியாக வர வேண்டும். அரை மில்லிமீட்டர் தள்ளினாலும் ஒவ்வொரு சுற்றுக்கும் சுருதி ஏறி இறங்கும். மெதுவான பாட்டில் அது பளிச்சென்று தெரியும்.

அடுத்தது, தட்டு எதனால் ஆனது என்பது. 78 சுற்று என்று போட்டிருந்தால் ஷெல்லாக்; ஆல்கஹால் ஒரு சொட்டுக்கூடப் படக்கூடாது, கரைந்துவிடும். 45-களில் வினைல் உண்டு, பாலிஸ்டைரினும் உண்டு. ஸ்டைரின் விறைப்பாக இருக்கும், நகத்தால் தட்டினால் கணீரென்று கேட்கும், லேபிள் மேலே ஒட்டிய காகிதமாகத் தெரியும். அதற்கும் ஆல்கஹால் ஆகாது. சந்தேகம் இருந்தால் ஆல்கஹால் இல்லாமலே கழுவுங்கள்.

தண்ணீர் விஷயத்தில்தான் நம் பக்கம் பலர் தட்டைக் கெடுக்கிறார்கள். வேலூர், ராணிப்பேட்டை, ஆம்பூர், வாணியம்பாடி வட்டாரத்து போர் தண்ணீரில் உப்பு அதிகம். அதில் கழுவி உலர்த்தினால் உப்பு, தட்டின் வரிப்பள்ளங்களுக்குள் படிந்துவிடும். முன்பு அழுக்கால் வந்த பொரிச்சத்தம் இப்போது உப்பால் வரும். பேட்டரிக்கு ஊற்றும் டிஸ்டில்டு வாட்டர் வாங்குங்கள். கடையில் கேட்கும்போது ஆசிட் கலக்காதது என்று சொல்லி, லேபிளையும் படித்து வாங்குங்கள். ஒரு லிட்டர் போதும்.

வினைல் என்று உறுதியானால் 200 மி.லி. டிஸ்டில்டு வாட்டரில் 50 மி.லி. ஐசோபுரொப்பைல் ஆல்கஹால், ஒரே ஒரு துளி பாத்திரம் கழுவும் திரவம். மொபைல் ரிப்பேர் கடைகளில் ஐ.பி.ஏ. என்று கேட்டால் தெரியும். வினைல் இல்லையென்றால் ஐ.பி.ஏ.வை விட்டுவிடுங்கள். லேபிள் நனையாமல் இருக்க அதன்மேல் ஒரு சிறு கிண்ணத்தைக் கவிழ்த்துப் பிடியுங்கள். கலவையை வரிகளில் பரப்பி இரண்டு நிமிடம் ஊறவிட்டு, மைக்ரோஃபைபர் துணியால் வரிகள் போகும் திசையிலேயே வட்டமாகத் துடையுங்கள். குறுக்கே தேய்த்தால் கோடு விழும். பிறகு வெறும் டிஸ்டில்டு வாட்டரில் இருமுறை அலசுங்கள். சோப்பு மிச்சமிருந்தால் ஊசியில் பிசின்போல ஒட்டும்.

வெயிலில் காயவைக்கவே வைக்காதீர்கள். நம் கோடையில் வெளியே 40 டிகிரி தாண்டும்போது, மூடிய காருக்குள்ளும் மொட்டை மாடித் தரையிலும் வெப்பம் வினைல் வளையும் அளவுக்குப் போய்விடும். நிழலில், செங்குத்தாக, பாத்திரம் வடியவைக்கும் ஸ்டாண்டில் நிறுத்துங்கள். வைத்திருப்பதும் செங்குத்தாகத்தான், ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினால் அடித்தட்டு வளையும்.

ஊசியைப் பொறுத்தவரை 45-க்கு எல்.பி. தட்டின் ஊசியே போதும். 78-க்கு மட்டும் 3 மில் (ஒரு மில் என்பது அங்குலத்தில் ஆயிரத்தில் ஒரு பங்கு) அகல ஊசி தனியாக வேண்டும். ஊசி பொருத்திய கார்ட்ரிட்ஜ் காந்த வகை என்றால் ஊசியின் பாரம் பெரும்பாலும் 1.5 முதல் 3 கிராமுக்குள் இருக்கும்; உங்கள் கார்ட்ரிட்ஜுக்குச் சொன்ன அளவையே வையுங்கள். பாரம் குறைத்தால் தட்டு பிழைக்கும் என்று நினைப்பது தவறு. ஊசி துள்ளித் துள்ளி வரிச்சுவரை உடைத்துவிடும்.

அந்தக் காலத்துத் தட்டுகள் மோனோ, அதாவது ஒரே சேனல் ஒலி. ஒலி, வரிகளின் பக்கவாட்டு அசைவில் மட்டும் இருக்கிறது. மேலும் கீழுமான அசைவில் இருப்பது தூசியும் தேய்மானமும்தான். ஸ்டீரியோ கார்ட்ரிட்ஜில் போட்டுக் கணினியில் பதிந்தால் இரண்டு சேனலையும் கூட்டி மோனோ ஆக்குங்கள். மேல்கீழ் இரைச்சல் ஒன்றையொன்று அடித்துக்கொண்டு போய்விடும். எந்த ஃபில்டரும் போடாமலே கிடைக்கும் சுத்தம் இது. பொரிச்சத்தம் நீக்கும் கருவியை அதன் பிறகு, கொஞ்சமாக மட்டும் போடுங்கள்.

ஆங்கிலப் படம் ஒன்றில் பள்ளி நடன நிகழ்ச்சியில் இந்தப் பாட்டு வருகிறது. அது பென்குயின்ஸ் குரலா?
– ஆர்.எல்., திருப்பத்தூர்

நீங்கள் சொல்வது 1985-ல் வந்த ‘பேக் டு தி ஃபியூச்சர்’ படமாக இருக்கும். அதில் கேட்பது படத்துக்காகப் புதிதாகப் பாடியது.

க்ரூ கட்ஸ் என்ற குழுவும் இதே பாட்டைப் பாடியதாகப் படித்தேன். திருட்டு இல்லையா அது?
– கே.எஸ்., ஆரணி

சட்டப்படி திருட்டு இல்லை. அமெரிக்கச் சட்டத்தில், ஒருமுறை தட்டாக வெளிவந்த பாட்டை வேறு யாரும் பாடிப் பதியலாம். பாட்டின் உரிமைதாரருக்கு அன்று தட்டு ஒன்றுக்கு 2 சென்ட் கட்டினால் போதும் என்றிருந்தது. 1909 முதல் 1977 வரை அந்தத் தொகை மாறவே இல்லை. பாடியவர்களுக்கும், குரல்களை அடுக்கிய விதத்துக்கும் ஒரு காசு கிடையாது. கனடாவின் டொரன்டோவைச் சேர்ந்த க்ரூ கட்ஸ் வெள்ளையர் குழு. அவர்கள் தட்டு 3-ம் இடம் வரை போனது, பென்குயின்ஸ் 8-ல் நின்றார்கள். கறுப்பினத்தவர் தட்டுகளைத் தொடாத வானொலி நிலையங்கள் க்ரூ கட்ஸைத் தயங்காமல் ஒலிபரப்பின. அந்தப் பதிப்பை வெளியிட்ட கம்பெனியும் மெர்க்குரிதான். பென்குயின்ஸ் பிறகு போய்ச் சேர்ந்த அதே இடம்.

பாடகி லவர்ன் பேக்கர் 1955-ல், பாட்டை இசையமைத்த விதத்தை அப்படியே நகலெடுப்பதைத் தடுக்கச் சட்டம் கேட்டு முறையிட்டார். சட்டம் வரவில்லை. எங்கள் வருத்தம் இதில்தான். பாட்டு எழுதியவர் பெயர் நிலைத்தது, பாட்டுக்கு உயிர் கொடுத்த ஏற்பாடு யாருக்கும் சொந்தமில்லாமல் போனது. இரண்டு பதிப்பையும் அடுத்தடுத்துக் கேளுங்கள். க்ரூ கட்ஸிடம் எல்லாம் துல்லியமாக இருக்கிறது. நாம் மேலே சொன்ன அந்த ஒரு நூல் தாமதம் மட்டும் இல்லை.

இதேபோல ஒரே வெற்றியோடு நின்ற வேறு குழுக்கள்?
– என்.ஜே., அரக்கோணம்

மோனோடோன்ஸ், நியூவார்க் நகரம், ‘புக் ஆஃப் லவ்’, 1958. பற்பசை விளம்பரப் பாட்டு ஒன்றைக் கேட்டதில் பிறந்த யோசனை; பொதுப் பட்டியலில் 5-ம் இடம். சில்லுவெட்ஸ், பிலடெல்ஃபியா, ‘கெட் எ ஜாப்’, அதே 1958, முதலிடம். கார்ட்ஸ், நியூயார்க்கின் பிராங்க்ஸ் பகுதி, ‘ஷ்-பூம்’, 1954. இவர்களையும் க்ரூ கட்ஸ் நகலெடுத்து முதலிடம் போனார்கள். போதாக்குறைக்கு கார்ட்ஸ் என்ற பெயரில் இன்னொரு குழு இருந்ததால் இவர்கள் பெயரையே மாற்ற வேண்டி வந்தது. பாட்டு வானொலியில் ஓடும்போது பெயர் மாறினால் கடையில் எதைக் கேட்டு வாங்குவது?

பாடிப் பழக ‘எர்த் ஏஞ்சல்’ முதலில், ‘புக் ஆஃப் லவ்’ அடுத்து. ‘கெட் எ ஜாப்’ வேகம் அதிகம், சொற்கட்டுகள் வாயில் புரளும். ஆறு மாதம் கழித்துத் தொடுங்கள்.

கல்லூரி விழாவில் பாட யாரிடமாவது அனுமதி வாங்க வேண்டுமா? யூடியூபில் போடலாமா?
– மாணவி, வேலூர்

கல்லூரி நிகழ்ச்சியில் மாணவர்களும் ஆசிரியர்களும் பாடி, கேட்பவர்களும் மாணவர், ஆசிரியர், பெற்றோர், கல்லூரியோடு தொடர்புள்ளவர்கள் மட்டும் என்றால், 1957-ம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52-வது பிரிவு விலக்கு அளிக்கிறது. டிக்கெட் போட்டு வெளியாரை அழைத்தால் இந்த விலக்கு பொருந்தாது. அப்போது பாடல் உரிமைக்கு, பாட்டு எழுதியவர்கள், இசையமைத்தவர்கள் சார்பில் உரிமம் தரும் ஐ.பி.ஆர்.எஸ். அமைப்பை விழாவுக்கு முன்பே அணுகுங்கள். யூடியூபுக்கும் கல்லூரி விலக்கு செல்லாது. நீங்களே பாடியிருந்தாலும் மெட்டும் வரிகளும் அடுத்தவர் சொத்து. இந்தியாவில் ஆசிரியர் மறைந்து 60 ஆண்டு வரை உரிமை உண்டு, பலர் சேர்ந்து எழுதியது என்றால் கடைசியாக மறைந்தவரிலிருந்து கணக்கு. பெரும்பாலும் வீடியோவை எடுக்க மாட்டார்கள், விளம்பர வருமானம் உரிமைதாரருக்குப் போகும்படி செய்வார்கள். பழைய தட்டிலிருந்து எடுத்த ஒலியைப் பின்னணியில் சேர்க்காதீர்கள்; அதற்குத் தனி உரிமை, தனிக் கேள்வி வரும். விவரக் குறிப்பில் பாட்டை எழுதிய மூவர் பெயரையும் மறக்காமல் போடுங்கள்.